நாடக ஆய்வைத் தொழிலாகக் கொள்ளலாமா? வடசென்னை மாணவர்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

தண்டையார்பேட்டையில் வளர்ந்து, தமிழ் இலக்கியம் படித்து, நாடகத்தில் முனைவர் பட்டம் பெற்று, இப்போது கல்லூரியில் கற்பிக்கிறேன். பழைய வண்ணாரப்பேட்டை, வியாசர்பாடி, கொருக்குப்பேட்டை, திருவொற்றியூர் பக்கத்து மாணவர்களும் அவர்களுடைய பெற்றோரும் என்னிடம் திரும்பத் திரும்பக் கேட்பவற்றை இங்கே தொகுத்திருக்கிறேன்.

நாடக ஆய்வாளர் என்பவர் என்னதான் செய்கிறார்?

வகுப்பெடுக்கிறார், ஆய்வு மாணவர்களுக்கு நெறியாளராக இருக்கிறார், கட்டுரையும் நூலும் எழுதுகிறார். வெளியிலிருந்து பார்த்தால் மற்ற இலக்கியப் பேராசிரியர்களின் வேலைதான். ஆய்வுப் பொருளில்தான் வேறுபாடு இருக்கிறது. நாவலை ஆராய்பவருக்கு நாவல் அலமாரியில் காத்திருக்கும். நாடகத்தை ஆராய்பவருக்குப் பிரதி கிடைத்தாலும் பாதிதான் கிடைத்திருக்கிறது. யார் ஆடினார்கள், எந்த இடத்தில் ஆடினார்கள், எந்தப் பாட்டை மறுபடியும் பாடச் சொல்லிக் கூட்டம் கேட்டது, கூத்தில் கோமாளியாக வரும் கட்டியக்காரன் அன்றைக்கு எந்த உள்ளூர் விஷயத்தை நடுவில் நுழைத்தான் என்பதெல்லாம் விடிந்ததும் போய்விடும். ஆகவே இந்தத் துறையில் ஆய்வாளரே தம்முடைய ஆவணத்தில் ஒரு பங்கை உருவாக்க வேண்டியிருக்கிறது. பார்த்ததை அன்றே எழுதி வைக்கும் பழக்கம் இல்லாதவருக்கு இந்தத் துறை கைவராது. கீழே நான் சொல்லும் எல்லாமே இந்த ஒன்றிலிருந்து கிளைப்பவை.

இது தமிழுக்குப் புதிய துறையா?

இல்லை. நம் பக்கத்திலேயே தொடங்கிய துறை என்றுகூடச் சொல்வேன். மதுரை அருகே விளாச்சேரியில் 1870-இல் பிறந்த சூரியநாராயண சாஸ்திரியை, அதாவது பரிதிமாற் கலைஞரை, தனித்தமிழுக்காகவும் தமிழைச் செம்மொழி என்று வாதிட்டதற்காகவும் நினைவில் வைத்திருக்கிறோம். அவர் சென்னைக் கிறித்தவக் கல்லூரியில் படித்து அங்கேயே தமிழ் கற்பித்தார். 1937-இல் தாம்பரத்துக்கு இடம்பெயரும் வரை அந்தக் கல்லூரி ஜார்ஜ் டவுனில், உயர் நீதிமன்றத்துக்கு எதிரே இருந்தது. அங்கே பாடம் நடத்திக்கொண்டே ரூபாவதி, கலாவதி ஆகிய நாடகங்களை எழுதினார். 1897-இல் நாடகத்துக்கு இலக்கணம் வகுத்து ‘நாடகவியல்’ என்ற நூலை வெளியிட்டார். 1903-இல் இறந்தபோது அவருக்கு வயது 33. நாடகம் எழுதுவது, நாடகத்தை ஆராய்வது, வகுப்பில் கற்பிப்பது ஆகிய மூன்றையும் ஒருசேரச் செய்த தமிழாசிரியர் என்று தேடினால் என் மனத்தில் முதலில் வருபவர் அவர்தான்.

அதே ஜார்ஜ் டவுன் வட்டாரத்தில்தான் 1891-இல் பம்மல் சம்பந்த முதலியார் சுகுண விலாச சபை என்ற நாடகக் குழுவைத் தொடங்கினார். வழக்கறிஞராகவும் நீதிபதியாகவும் இருந்தபடியே தொண்ணூறுக்கும் மேற்பட்ட நாடகங்களை எழுதியவர். அவர் கல்லூரி ஆசிரியர் இல்லை. ஆனாலும் ‘நாடக மேடை நினைவுகள்’ என்று அவர் எழுதி வைத்தது இல்லாவிட்டால், அந்தக் காலத்து ஒத்திகை, உடை, அரங்கச் செலவு, நடிகர்களின் மனத்தாங்கல்கள் எதுவும் நமக்குத் தெரிந்திருக்காது. எழுதி வைக்கும் பழக்கத்தின் அருமையை மாணவர்களுக்குக் காட்ட அந்த நூலைத்தான் கொடுக்கிறேன்.

பிறகு வந்தவர்களில் விபுலாநந்த அடிகளைத் தவறவிடக் கூடாது. ஷேக்ஸ்பியர் நாடகங்களைத் தமிழ் நாடக இலக்கணத்தோடு இணைத்துப் பார்த்த அவருடைய ‘மதங்க சூளாமணி’ 1926-இல் வெளிவந்தது. இலங்கையின் கார்த்திகேசு சிவத்தம்பி, இங்கிலாந்தின் பர்மிங்ஹாம் பல்கலைக்கழகத்தில் பண்டைத் தமிழ்ச் சமூகத்தின் நாடகம் குறித்து ஆய்வு செய்து 1970-இல் முனைவர் பட்டம் பெற்றார். சங்க இலக்கியத்தில் வரும் கூத்தரையும் பொருநரையும் சமூக வரலாற்றோடு சேர்த்துப் படிக்க வழிகாட்டிய ஆய்வு அது.

சமகால ஆய்வாளர் ஒருவரின் கல்விப் பாதை எப்படி இருக்கும்? உதாரணம் சொல்ல முடியுமா?

இருவரைச் சொல்கிறேன்.

கே. ஏ. குணசேகரன் நாட்டுப்புறப் பாடல்களை ஆராய்ந்தவர், தாமே மேடையில் பாடியவர், தலித் அரங்கத்தைத் தமிழில் நிலைநிறுத்தியவர்களில் ஒருவர். புதுச்சேரிப் பல்கலைக்கழகத்தின் நிகழ்கலைத் துறையில் பேராசிரியராக இருந்தார். சென்னை உலகத் தமிழாராய்ச்சி நிறுவனத்தின் இயக்குநராகவும் பணியாற்றினார். 2016-இல் காலமானார். அவரைப் பொறுத்தவரை பாடுவதும் ஆராய்வதும் ஒரே வேலையின் இரண்டு பக்கங்கள்.

அ. மங்கை சென்னையில் ஸ்டெல்லா மாரிஸ் கல்லூரியில் ஆங்கிலப் பேராசிரியராக இருந்தவர். பெண்கள் அமைப்புகளோடும் திருநங்கைக் கலைஞர்களோடும் சேர்ந்து நாடகங்களை இயக்கினார். இந்தியப் பெண்களின் அரங்கச் செயல்பாடுகளைப் பற்றி அவர் ஆங்கிலத்தில் எழுதிய நூல் 2015-இல் வெளிவந்தது. தமிழிலும் தொடர்ந்து எழுதுகிறார்.

இவர்களுடைய பாதையில் கவனிக்க வேண்டியது, சம்பளம் தரும் துறையின் பெயரும் ஆய்வின் பெயரும் ஒன்றாக இருக்க வேண்டும் என்ற கட்டாயம் இல்லை என்பது. மங்கை வகுப்பில் ஆங்கில இலக்கியம் நடத்தினார். ஆய்வும் இயக்கமும் அரங்கில் நடந்தன. நம் மாணவர்களில் பெரும்பாலோர் போகக்கூடிய வழியும் இதுதான்.

நவீன நாடகம் பற்றி எதுவும் தெரியாது. எங்கிருந்து தொடங்க வேண்டும்?

1977-இலிருந்து தொடங்குங்கள். அந்த ஆண்டு காந்திகிராமத்தில் நடந்த நாடகப் பட்டறை பல எழுத்தாளர்களையும் ஆசிரியர்களையும் அரங்கத்தின் பக்கம் திருப்பியது. சென்னையில் ந. முத்துசாமி கூத்துப்பட்டறை என்ற நாடகக் குழுவைத் தொடங்கியதும் அதே ஆண்டுதான். 1978-இல் பத்திரிகையாளர் ஞாநியின் நாடகக் குழுவான பரீக்‌ஷா வந்தது. 1980-இல் வங்காளத்தின் பாதல் சர்க்கார் சோழமண்டலத்தில் ஒரு பயிற்சிப் பட்டறை நடத்தினார்; மேடையும் ஒளியமைப்பும் இல்லாமல் தெருவில் நாடகம் போடலாம் என்ற துணிவு அதன் பிறகு இங்கே பரவியது. 1984-இல் சென்னைக் கலைக்குழு உருவானது. இந்த ஏழெட்டு ஆண்டுகளை நன்றாகப் படித்துவிட்டால் முன்னும் பின்னும் தானாகப் பிடிபடும்.

வடசென்னையில் ஆராய என்ன இருக்கிறது? சபாக்கள் எல்லாம் மயிலாப்பூரிலும் தியாகராய நகரிலும்தானே?

இந்தக் கேள்வியைக் கேட்கும்போதெல்லாம் எனக்கு மனம் கனக்கிறது; கேட்பவர் பெரும்பாலும் கூத்துப் பார்த்து வளர்ந்தவராகவே இருப்பார்.

தொண்டை மண்டலத்தில் கருமாதி இரவில் ‘கர்ண மோட்சம்’ கூத்து ஆடும் வழக்கம் உண்டு. காஞ்சிபுரம், திருவண்ணாமலைப் பக்கமிருந்து வேலை தேடி வந்த குடும்பங்கள் அந்த வழக்கத்தையும் நகரத்துக்குக் கொண்டுவந்தன. தெருவின் குறுக்கே பந்தல். ஓரத்தில் ஒரு பெஞ்சு, அதில் ஆர்மோனியம், மிருதங்கம், முகவீணை. இரண்டு பேர் பிடித்திருக்கும் திரைக்குப் பின்னாலிருந்து கர்ணன் முதலில் குரலாகத்தான் வருவான். கிரீடமும் புஜக்கட்டையும் கண்ணாடிச் சில்லுகளில் மின்னும். கர்ணனின் மனைவி பொன்னுருவி அவன் பிறப்பைச் சொல்லி இழித்துப் பேசும் இடத்தில், அதுவரை பேசிக்கொண்டிருந்த கூட்டம் அடங்கிவிடும். சாதிப் பேச்சைக் கேட்டுக் கேட்டு வாழ்ந்தவர்கள் உட்கார்ந்திருக்கிறார்கள். அவர்களுக்கு அது புராணக் காட்சியாக மட்டும் இருப்பதில்லை. கடைசியில் கர்ணன் விழும்போது, இறந்தவரின் வீட்டுப் பெண்கள் தங்கள் ஆளின் பெயரைச் சொல்லி அழுவார்கள். கூத்தும் சடங்கும் அந்த நேரத்தில் கலந்துவிடுகின்றன. ஆடுபவர் அந்த அழுகைக்கு இடம் கொடுத்துப் பாட்டை நீட்டுவார், ஆர்மோனியக்காரர் சுருதியை விடாமல் பிடித்துக்கொண்டிருப்பார். எந்த அச்சுப் பிரதியிலும் இந்த நீட்டல் கிடையாது. ஒரு முனைவர் பட்ட ஆய்வுக்குப் போதுமான கேள்விகள் அந்தச் சில நிமிடங்களுக்குள் இருக்கின்றன: பிரதியை யார் மாற்றுகிறார்கள், எதைப் பார்த்து மாற்றுகிறார்கள், நகரத்தில் தெரு குறுகக் குறுக ஆட்டம் எப்படிச் சுருங்குகிறது?

கானாவை எடுத்துக்கொள்ளுங்கள். இறப்பு வீட்டில் இரவெல்லாம் பாடப்படும் கானா பற்றிச் செய்தித்தாள்களில் எழுதப்படுவதில் பாதி, அதைச் சினிமாவுக்குப் போகும் படிக்கட்டாகவே பார்க்கிறது. பாடலை அந்த வீட்டின் இரவுக்குள் வைத்து, பாடகர் இறந்தவரின் வாழ்க்கையைக் கேட்டறிந்து பாட்டில் சேர்க்கும் முறையைக் கவனித்து எழுத இன்னும் எத்தனையோ இடம் இருக்கிறது. புனித வெள்ளியை ஒட்டிச் சில தேவாலயப் பங்குகளில் நடக்கும், இயேசுவின் பாடுகளைக் காட்டும் பாஸ்கா நாடகங்களும் அப்படித்தான்.

வரலாறு வேண்டுமென்றால் வால்டாக்ஸ் சாலைக்கு வாருங்கள். நாடகக் கம்பெனிகளின் காலத்தில் அங்கே ஒற்றைவாடை அரங்கு இருந்தது. தேசியப் பாடல்களைப் பாடிப் பலமுறை சிறை சென்ற நடிகர் விஸ்வநாத தாஸ், 1940 டிசம்பர் 31 அன்று ‘வள்ளி திருமணம்’ நாடகத்தில் முருகன் வேடத்தில் இருந்தபோது, சென்னை மேடையிலேயே உயிர்விட்டார். அவர் நாவிதர் குடும்பத்தில் பிறந்தவர் என்பதால் அவரோடு ஜோடியாக நடிக்க மறுத்தவர்கள் இருந்தார்கள். மேடையில் முருகன், மேடைக்குப் பின்னால் தீண்டாமை. இதை எழுதாமல் தமிழ் நாடக வரலாறு முழுமை பெறாது.

பெரம்பூரில் பின்னி ஆலைத் தொழிலாளர்களைக் கொண்டு 1918-இல் சென்னைத் தொழிலாளர் சங்கம் உருவானது. பின்னி நிறுவனத்தின் அந்தப் பக்கிங்ஹாம் கர்நாடிக் ஆலை 1996-இல் மூடப்பட்டது. ஆலை இயங்கிய காலத்தில் தொழிலாளர் குடியிருப்புகளில் விழாக்களுக்கும் கூட்டங்களுக்கும் என்ன ஆடினார்கள், என்ன பாடினார்கள் என்பதைச் சொல்லக்கூடியவர்கள் இன்று முதியவர்கள். இந்தத் தலைப்பை எடுக்க நினைப்பவர்கள் தள்ளிப்போட வேண்டாம்.

இளங்கலையில் எதைப் படிக்க வேண்டும்?

தமிழ் அல்லது ஆங்கிலம். நம் பக்கத்தில் தியாகராயர் கல்லூரி, பாரதி மகளிர் கல்லூரி, வியாசர்பாடி அம்பேத்கர் அரசு கலைக் கல்லூரி ஆகியவை இருக்கின்றன. நாடக ஆசையை மட்டும் வைத்து இளங்கலைக்கே வெளியூர் போக வேண்டியதில்லை. அரசுப் பள்ளியில் படித்து வந்தவர்கள் மாதம் 1,000 ரூபாய் தரும் புதுமைப் பெண், தமிழ்ப் புதல்வன் திட்டங்களுக்கு விண்ணப்பிக்க மறக்கக் கூடாது.

முதுகலையில் நேரடியாக நாடகமே படிக்கலாமா?

படிக்கலாம். புதுச்சேரிப் பல்கலைக்கழகத்தின் நிகழ்கலைத் துறை, ஹைதராபாத் பல்கலைக்கழகத்தின் அரங்கக் கலைத் துறை, தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகத்தின் நாடகத் துறை, திருச்சூரில் கோழிக்கோடு பல்கலைக்கழகத்தின் நாடகப் பள்ளி, டெல்லி ஜவஹர்லால் நேரு பல்கலைக்கழகத்தின் கலை, அழகியல் துறை ஆகியவை தெரிந்த பெயர்கள். தேசிய நாடகப் பள்ளி தருவது நடிப்பும் இயக்கமும் சார்ந்த பயிற்சி. ஆசிரியர் பணியை மட்டும் மனத்தில் வைத்து அங்கே போக வேண்டாம்.

ஆனால் ஒரு கசப்பான விஷயத்தைச் சேருவதற்கு முன்பே தெரிந்துகொள்ளுங்கள். தமிழ்நாட்டுக் கலைக் கல்லூரிகளில் நாடகத் துறை என்று தனியே இருப்பது மிக அரிது. உதவிப் பேராசிரியர் பணிக்கு அந்தந்தப் பாடத்தின் முதுகலைப் பட்டம் கேட்கிறார்கள். தமிழ்த் துறையில் வேலை வேண்டுமென்றால் எம்.ஏ. தமிழ் வேண்டும். நாடகத்தில் முதுகலை முடித்து, நாடகத்திலேயே முனைவர் பட்டமும் பெற்ற திறமைசாலிகள் விண்ணப்பிக்கவே இடமில்லாமல் நிற்பதைப் பார்த்திருக்கிறேன். அதனால் குடும்ப வருமானம் தேவைப்படும் மாணவர்களிடம் நான் சொல்வது இதுதான்: எம்.ஏ. தமிழ் அல்லது ஆங்கிலம் படித்து, ஆய்வில் நாடகத்தை எடுங்கள். நாடக முதுகலைதான் வேண்டும் என்று உறுதியாக இருந்தால், இலக்கிய முதுகலை ஒன்றையும் கையில் வைத்துக்கொள்ளுங்கள். நாடகத் துறைகள் பெருக வேண்டும் என்று எங்களைப் போன்றவர்கள் குரல் கொடுத்துக்கொண்டுதான் இருக்கிறோம். அதுவரை மாணவரின் வாழ்க்கையைப் பணயம் வைக்க எனக்கு மனம் வராது.

நெட் தேர்வை எந்தப் பாடத்தில் எழுதுவது?

நெட் என்பது கல்லூரி ஆசிரியர் பணிக்கும் ஆய்வு உதவித்தொகைக்குமான தேசியத் தகுதித் தேர்வு. அதை உங்கள் முதுகலைப் பாடத்தில் எழுதுங்கள். நிகழ்கலை என்ற பாடமும் நெட் தேர்வில் உண்டு. அதில் நடனம், நாடகம், அரங்கம் எல்லாம் ஒன்றாக வரும். வினாத்தாள் ஆங்கிலத்திலும் இந்தியிலும் மட்டுமே இருக்கும். தமிழ்வழியில் படித்தவர்களுக்கு இது பெரிய தடை. தமிழ்ப் பாடத்தின் வினாத்தாள் தமிழில் வரும், நாடக இலக்கியமும் அதில் அடங்கும்.

முதல் தாளில் 50 கேள்விகள், இரண்டாம் தாளில் 100 கேள்விகள், இரண்டுக்கும் சேர்த்து மூன்று மணி நேரம். தவறான விடைக்கு மதிப்பெண் குறைக்கமாட்டார்கள். அதே தேர்வின் வழியாக ஜே.ஆர்.எஃப். என்ற இளநிலை ஆய்வாளர் நல்கை கிடைத்தால் முதல் இரண்டு ஆண்டுகள் மாதம் 37,000 ரூபாயும், அதன் பிறகு 42,000 ரூபாயும் உதவித்தொகை; இது 2023 ஜனவரியிலிருந்து நடைமுறையில் உள்ள தொகை. இந்த நல்கைக்கு வயது வரம்பு 30. பெண்களுக்கும் இடஒதுக்கீட்டுப் பிரிவினருக்கும் ஐந்து ஆண்டு தளர்வு உண்டு. தமிழ்நாடு அரசின் முதலமைச்சர் ஆராய்ச்சி உதவித்தொகைக்கும் தனியே தேர்வு இருக்கிறது. ஆதிதிராவிடர், பழங்குடியின மாணவர்களுக்கான மாநில அரசின் முனைவர் பட்ட ஊக்கத்தொகையைப் பலர் கேள்விப்படாமலே படிப்பை முடித்துவிடுகிறார்கள். கல்லூரி அலுவலகத்தில் கேட்டு வாங்குங்கள்.

எம்.ஃபில். படிக்க வேண்டுமா?

வேண்டாம். பல்கலைக்கழக மானியக் குழுவின் 2022-ஆம் ஆண்டு விதிமுறைகளோடு அது நின்றுவிட்டது. முதுகலைக்குப் பிறகு நேரடியாக முனைவர் பட்டம்தான். குறைந்தது மூன்று ஆண்டுகள், அதிகபட்சம் ஆறு. பெண் ஆய்வாளர்களுக்குக் கூடுதலாக இரண்டு ஆண்டுகளும் 240 நாள் வரை மகப்பேறு, குழந்தை வளர்ப்பு விடுப்பும் உண்டு. இதைக் கேட்டுப் பெறுவது உரிமை.

தலைப்பை எப்படித் தேர்ந்தெடுப்பது?

‘தமிழ் நாடகங்களில் சமூகச் சிந்தனைகள்’ என்பது போன்ற தலைப்போடு வருபவர்களை நான் திருப்பி அனுப்பிவிடுகிறேன். எந்த நாடகத்திலும் சமூகச் சிந்தனை இருக்கும். ஆய்வாளர் கண்டுபிடிக்க எதுவும் மிஞ்சாது. ஓர் இடம், ஒரு காலம், ஒரு குழு, ஒரு கேள்வி என்று குறுக்குங்கள். வியாசர்பாடியில் கருமாதிக் கூத்துக்கு யார் பணம் கொடுக்கிறார்கள், அந்தப் பணம் ஆட்டத்தின் நீளத்தை எப்படித் தீர்மானிக்கிறது என்று ஒருவர் கேட்டால், அவருடைய ஆய்வேடு பாதி எழுதப்பட்டுவிட்டது என்பேன்.

பழைய ஆவணங்கள் எங்கே கிடைக்கும்?

எழும்பூர் ரயில் நிலையத்துக்கு எதிரே தமிழ்நாடு ஆவணக் காப்பகம். விம்கோ நகரிலிருந்து மெட்ரோவில் ஏறி சென்ட்ரலில் மாறினால் எழும்பூர். 1876-ஆம் ஆண்டு நாடகக் கட்டுப்பாட்டுச் சட்டம் காலனி அரசுக்கு நாடகங்களைத் தடை செய்யும் அதிகாரத்தைக் கொடுத்தது. அந்தக் காலத்துக் காவல் துறைக் குறிப்புகளிலும் அரசாணைகளிலும் நாடகங்களின் பெயர், நடந்த ஊர், ஆட்சேபிக்கப்பட்ட வசனம் எல்லாம் பதிவாகியிருப்பதைப் பார்க்கலாம். விடுதலைக்குப் பிறகும் 1954-இல் மாநில அரசு தனியாக ஒரு சட்டம் கொண்டுவந்தது. நாடகப் பிரதியைக் காவல் துறையிடம் காட்டி அனுமதி பெறும் நிலை தொடர்ந்தது. ஞாநி தொடுத்த வழக்கில் சென்னை உயர் நீதிமன்றம் அந்தச் சட்டத்தைச் செல்லாது என்று தீர்ப்பளித்தது.

அங்கிருந்து நடந்து போகும் தூரத்தில் கன்னிமாரா நூலகம். 1896-இல் திறக்கப்பட்டது, நாட்டில் வெளியாகும் நூல்களின் பிரதி வந்து சேரவேண்டிய நூலகங்களில் ஒன்று. தரமணியில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் இருக்கிறது. கடற்கரை நிலையத்திலிருந்து பறக்கும் ரயிலில் போகலாம். கோட்டையூர் ரோஜா முத்தையா செட்டியார் வாழ்நாள் முழுக்கச் சேர்த்த புத்தகங்களும் நாடக நோட்டீஸ்களும் பாட்டுப் புத்தகங்களும் அங்கே இருக்கின்றன. ஒரு நாடக நோட்டீஸில் டிக்கெட் விலை, பெண்களுக்குத் தனி இடம், நடிகரின் பட்டப்பெயர், கடைசி ரயில் நேரம் வரை அச்சாகியிருக்கும். வீட்டிலிருந்தே தேட தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகம் உதவும். காப்பகத்துக்குப் போகும்போது நெறியாளரின் கடிதம், அடையாள அட்டை, பென்சில் மூன்றையும் எடுத்துச் செல்லுங்கள்.

கூத்துக் கலைஞர்களை எப்படி அணுகுவது?

குழுவின் வாத்தியாரை முதலில் பாருங்கள். ஆட்ட நாளில் வேண்டாம். அன்று அவருக்கு நூறு கவலை. வேறொரு நாள் பகலில், அவருக்குத் தோதான நேரத்தில் வீட்டுக்குப் போய், நீங்கள் யார், எதற்காக எழுதுகிறீர்கள், எழுதியது எங்கே வெளிவரும் என்று சொல்லுங்கள். பாட்டு நோட்டைப் பார்த்தவுடன் செல்பேசியை எடுத்துப் படம் பிடிக்காதீர்கள். பல வாத்தியார்களுக்கு அந்த நோட்டுதான் சொத்து. தன் ஆசிரியரிடம் கைகட்டி நின்று எழுதிக்கொண்டதாக இருக்கும். அவரே எடுத்துக் காட்டும்வரை பொறுங்கள்.

ஒரு பகல் அவரை உட்கார வைத்துப் பேசினால், அந்த நாள் கூலிக்கு ஈடாகக் கொடுங்கள். ஆய்வுக்கு உதவித்தொகை வாங்கிக்கொண்டு, அவருடைய நேரத்தை இலவசமாக எடுத்துக்கொள்வது முறையாகாது. பதிவின் ஒரு பிரதி அவர் கைக்குப் போக வேண்டும். ஆய்வேட்டில் ‘நாட்டுப்புறக் கலைஞர் ஒருவர் கூறினார்’ என்று எழுதும் வழக்கத்தை விடுங்கள். எழுத்தாளரைப் பெயர் சொல்லி மேற்கோள் காட்டுகிறோம்; கலைஞர் சம்மதித்தால் அவருக்கும் அதே மரியாதை. இறப்பு வீட்டில் அழுபவர்களின் முகத்தை இணையத்தில் ஏற்றுவதை நான் ஒருபோதும் அனுமதிப்பதில்லை.

பெண்கள் இரவுக் கள ஆய்வுக்குப் போக முடியுமா?

போகிறார்கள், மிக நன்றாகச் செய்கிறார்கள். குழுவுக்கும் விழா நடத்துபவர்களுக்கும் முன்பே தெரியப்படுத்துங்கள், துணைக்கு ஒருவரை அழைத்துச் செல்லுங்கள், திரும்பி வரும் வழியை மாலையிலேயே முடிவு செய்துகொள்ளுங்கள். மதுரைப் பக்கத்து ஸ்பெஷல் நாடக (ஒவ்வொரு நிகழ்ச்சிக்கும் நடிகர்களைத் தனித்தனியே அழைத்து நடத்தும் நாடக) நடிகைகளின் வாழ்க்கையைப் பற்றி அமெரிக்க ஆய்வாளர் சூசன் சைசர் எழுதிய நூல் 2005-இல் வந்தது. நடிகைகள் அவரை அருகில் சேர்த்துக்கொண்டதால்தான் மேடைக்கு வெளியே அவர்கள் சுமக்கும் அவப்பெயரைப் பற்றி அவ்வளவு நுணுக்கமாக எழுத முடிந்தது.

நானும் நடிக்க வேண்டுமா?

கட்டாயமில்லை. ஆனால் ஒரு தயாரிப்பிலாவது கூட இருங்கள். பொருள்களைச் சுமக்கும் வேலையாக இருந்தாலும் சரி.

தமிழில் எழுதினால் மதிப்பு உண்டா?

உண்டு. தமிழில் எழுத வேண்டும் என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை. நீங்கள் யாரைப் பற்றி எழுதினீர்களோ அவரும் அவருடைய பிள்ளைகளும் படிக்கக்கூடிய மொழி அது. அதே சமயம் கூத்தைப் பற்றி உலகம் படிக்கும் முக்கியமான நூல்களில் சில, ரிச்சர்ட் ஃப்ராஸ்கா 1990-இல் எழுதியதும் ஹன்னே டி ப்ரூயின் 1999-இல் எழுதியதும், ஆங்கிலத்தில் இருக்கின்றன. அவற்றைப் படிக்காமல் நம் ஆய்வு நகராது. ஆங்கிலம் வராது என்று ஒதுங்க வேண்டாம். நாளுக்கு இரண்டு பக்கம் அகராதியோடு படித்தால் ஓராண்டில் வசப்படும். ஆங்கிலத்தில் ஒரு கட்டுரை எழுதினால் அதன் தமிழ் வடிவத்தையும் வெளியிடுங்கள்.

எந்த இதழில் வெளியிடுவது என்ற குழப்பம் இப்போது கூடியிருக்கிறது. ஏற்கத்தக்க ஆய்விதழ்கள் என்று மானியக் குழு வைத்திருந்த கேர் பட்டியல் 2025-இல் கைவிடப்பட்டது. பணம் கட்டினால் ஒரே வாரத்தில் வெளியிடுகிறோம் என்பவர்களிடம் போகாதீர்கள். ஆசிரியர் குழுவில் யார் இருக்கிறார்கள், முந்தைய இதழ்களில் என்ன வந்திருக்கிறது என்று பாருங்கள்.

வேலை கிடைக்குமா?

பெற்றோர் கேட்கும் முதல் கேள்வி. நிரந்தர உதவிப் பேராசிரியர் பணிக்கு முதுகலையில் 55 விழுக்காடு மதிப்பெண்ணோடு நெட் அல்லது மாநிலத் தகுதித் தேர்வில் தேர்ச்சி, இல்லையென்றால் விதிகளின்படி பெற்ற முனைவர் பட்டம் வேண்டும். பணியில் சேர்ந்தால் தொடக்க அடிப்படைச் சம்பளம் 57,700 ரூபாய். அரசுக் கல்லூரிகளில் நிரந்தர நியமனங்கள் நீண்ட இடைவெளி விட்டுத்தான் வருகின்றன. இடையில் பலர் கௌரவ விரிவுரையாளர்களாக, நிரந்தர ஆசிரியருக்கு நிகரான வேலையை அதைவிட மிகக் குறைந்த ஊதியத்தில் செய்கிறார்கள். இந்தக் காத்திருப்பைத் தாங்குவதற்கு வழி இருக்கிறதா என்று குடும்பத்தோடு உட்கார்ந்து பேசிவிட்டு முடிவெடுங்கள். பள்ளி ஆசிரியர் தகுதியான பி.எட். படிப்பையும் முடித்து வைத்தவர்கள் கொஞ்சம் நிம்மதியாக ஆய்வு செய்கிறார்கள். காப்பகம், பதிப்பகம், மொழிபெயர்ப்பு ஆகியவற்றிலும் இந்தப் படிப்புக்கு வேலை உண்டு.

தாத்தா கூத்து ஆடியவர். அவருடைய பழைய நோட்டுகள் வீட்டில் இருக்கின்றன. என்ன செய்வது?

முதலில், பழைய பேப்பர்காரரிடம் போகாமல் தனியே எடுத்து வையுங்கள். கிழிந்த பக்கங்களை செல்லோ டேப் போட்டு ஒட்டாதீர்கள், லேமினேட் செய்யாதீர்கள். இரண்டும் தாளைக் கெடுத்துவிடும். சுவரோரமும் தரையும் வேண்டாம், மழைக்காலத்தில் ஈரம் ஏறும். பருத்தித் துணியில் சுற்றி உயரமான இடத்தில் வையுங்கள். பகல் வெளிச்சத்தில், நேரடி வெயில் படாமல், முதல் பக்கத்திலிருந்து வரிசையாகப் படம் பிடியுங்கள். வெற்றுப் பக்கத்தையும் விட்டுவிடாதீர்கள். தாத்தாவோடு ஆடியவர் யாராவது உயிரோடு இருந்தால், எந்தப் பாட்டு எந்த ராகத்தில், எந்த இடத்தில் வரும் என்று கேட்டு, பாடச் சொல்லிப் பதிவு செய்யுங்கள். நோட்டில் மெட்டு இருக்காது. பிறகு ஆராய்ச்சி நூலகம் ஒன்றில் மின்வடிவமாக்கித் தருவார்களா என்று விசாரியுங்கள். மூல நோட்டு உங்கள் வீட்டிலேயே இருக்கும்படி எழுத்தில் கேட்டுக்கொள்ளுங்கள். முழுவதும் படமெடுத்த பிறகு என்னிடமும் கொண்டு வாருங்கள், சேர்ந்து படிக்கலாம்.